மீனாட்சி: மீனின் ஆட்சியா, கயலின் கண்ணா?

எழுத்தாணி:
ஒரே வாரத்தில் நான்கு பேர் எனக்கு ஒரே செய்தியை அனுப்பிவிட்டார்கள். "மீனாட்சி தூய தமிழ்ப் பெயர், மீன் + ஆட்சி, அதாவது மீன்கொடி பறந்த பாண்டியரின் ஆட்சி, அதைக் கண் என்று திரித்தவர்கள் வடமொழியாளர்கள்" என்பது அதன் சாரம். வைகைக்கரையான் அதை அப்படியே இங்கேயும் எடுத்துப் போட்டு, "இனி இதை யாரும் மறுக்க முடியாது" என்று மேலே ஒரு வரியும் சேர்த்திருக்கிறார். நான் மறுக்கிறேன்.

ஆள் என்னும் வினையடியிலிருந்து பிறந்த ஆட்சி ஒரு தொழிற்பெயர். காண் என்பதிலிருந்து காட்சியும், மாண் என்பதிலிருந்து மாட்சியும், நீள் என்பதிலிருந்து நீட்சியும் வந்ததுபோல வந்தது. அது செயலைக் குறிக்கும், செய்கிறவளைக் குறிக்காது. பெண்ணைக் குறிக்க வேண்டுமென்றால் தமிழுக்கு ஆட்டி என்ற ஈறு இருக்கிறது: பெருமாட்டி, சீமாட்டி, திருவாட்டி, மூதாட்டி. மீன்கொடியின் கீழ் ஆண்டவள் என்பதற்காகவே அந்தப் பெயர் வந்திருந்தால் அவள் மீனாட்டி ஆகியிருப்பாள். அந்த மீனாட்டி எங்கே என்று மட்டும் சொல்லுங்கள்.

வைகைக்கரையான்:
எழுத்தாணி அவர்களுக்கு வணக்கம். தமிழ் என்று யாராவது சொன்னால் உடனே உங்கள் எழுத்தாணி கூர்மையாகிவிடுகிறது.

மீன் + ஆட்சி புணர்ந்தால் மீனாட்சிதான் வரும். "உடல்மேல் உயிர்வந்து ஒன்றுவது இயல்பே" என்னும் நன்னூல் விதி போதும்; எழுத்து கெடவும் இல்லை, திரியவும் இல்லை. பாண்டியனுக்கு மீனவன் என்றே பெயர் உண்டு. நிகண்டைப் புரட்டிப் பாருங்கள். அவன் கொடியிலும் கயல், முத்திரையிலும் கயல், காசிலும் கயல். மதுரைத் தெய்வமோ வெறும் அம்மன் அல்லள். மலயத்துவசப் பாண்டியனின் மகள் தடாதகையாக முடிசூடி ஆண்டவள் என்று திருவிளையாடற் புராணம் சொல்கிறது. ஹெராக்ளிசின் மகள் பண்டாயா தெற்கே ஒரு நாட்டை ஆண்டாள் என்று மெகஸ்தனிஸ் எழுதியதாகக் கிரேக்கரே குறித்து வைத்திருக்கிறார்கள். இத்தனைக்குப் பிறகும் அவள் பெயரில் ஆட்சி இல்லை, கண் மட்டுமே இருக்கிறது என்பதை நான் எப்படி ஏற்பது?

ஆட்சி செயலைக் குறிக்கும் என்கிறீர்கள். திரு என்பதும் செல்வத்தைத்தான் குறிக்கும். ஆனால் திருமகளுக்கு அதுவே பெயர். ஆகுபெயர் என்று ஒன்று இருப்பதைப் பள்ளியிலேயே சொல்லித்தருவார்களே.

எழுத்தாணி:
ஆகுபெயரைக் காட்டியதற்கு நன்றி, ஆனால் கேள்வி அப்படியே நிற்கிறது. ஆளும் பெண்ணுக்குத் தமிழர் எப்படிப் பெயரிட்டார்கள் என்று பாருங்கள். ஆண்டாள் என்றார்கள். மங்கையர்க்கரசி என்றார்கள். கல்வெட்டுகளில் ஆளுடைய நாச்சியார் என்றார்கள். மூன்றிலும் பெண்ணைக் குறிக்கும் சொல்லோ ஈறோ கண்ணெதிரே நிற்கிறது. ஆட்சி என்று முடியும் பெயருள்ள பழந்தமிழ் அரசி ஒருத்தியைக் காட்டுங்கள்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். மீனாட்சி தனியாக வந்த பெயர் அன்று. அவளுக்கு உடன்பிறந்தவர்கள் உண்டு. காஞ்சியில் காமாட்சி, காசியில் விசாலாட்சி, நாகையில் நீலாயதாட்சி. உங்கள் கணக்குப்படி காமாட்சி காமத்தின் ஆட்சியா? விசாலாட்சி விசாலமான ஆட்சியா? நீலாயதாட்சியை எங்கே பிரிப்பீர்கள்? நீலம், ஆயதம், அக்ஷி: நீலநிற நீண்ட கண்ணுடையவள். நாகைத் தலத்தில் அவளுக்கு வழங்கும் தமிழ்ப்பெயரே கருந்தடங்கண்ணி. நான்கு பெயர்களுக்கும் பொருந்தும் ஒரே விளக்கம் கண் என்பதுதான். ஒன்றுக்கு மட்டும் பொருந்தும் விளக்கத்தை வைத்துக்கொண்டு மற்ற மூன்றையும் கண்டுகொள்ளாமல் போவது ஆய்வாகாது.

கயல்மகள்:
இருவரும் யாருடைய பெயரைப் பற்றிப் பேசுகிறீர்களோ அந்தப் பெயரை நாற்பத்தாறு ஆண்டுகளாகச் சுமக்கிறவள் நான். என் ஜாதகக் குறிப்பை எழுதியவர் மீனாக்ஷி என்று கிரந்த எழுத்தோடு எழுதியிருக்கிறார். அந்த க்ஷ மட்டும் மற்ற எழுத்துகளைவிடப் பெரிதாக, மை கொஞ்சம் பரவி, தாளில் இன்றும் நிற்கிறது. பள்ளிப் பதிவேட்டில் மீனாட்சி. ஓர் அலுவலகத்தில் தந்த அட்டையில் மீனாச்சி. எங்கள் ஆச்சி என்னைக் கூப்பிட்டதும் மீனாச்சி என்றுதான், ஆகவே அதை எழுதியவரை என்னால் கோபித்துக்கொள்ளவும் முடியவில்லை. இதை ஏன் சொல்கிறேன் என்றால், பெயரின் பிற்பகுதியைப் பற்றித்தான் சண்டை என்றால், அது மக்கள் வாயில் எப்படி வழங்குகிறது என்பதையும் யாராவது கணக்கில் எடுத்துக்கொள்ள வேண்டாமா?

வைகைக்கரையான்:
அம்மா, நீங்கள் சொன்ன அந்தப் பெரிய க்ஷதான் நான் சொல்லும் திரிபு. மக்கள் வாயில் இல்லாத எழுத்து, எழுதுகிறவரின் கையில் மட்டும் இருக்கிறது.

எழுத்தாணி க்ஷ என்று தொடங்குவார் என்று எனக்குத் தெரியும். ஆகவே முன்னதாகவே கேட்டுவிடுகிறேன். க்ஷ வரும் வடசொல்லைப் பழந்தமிழ் எப்படி எடுத்துக்கொண்டது? தக்ஷன் தக்கன் ஆனான். லக்ஷணம் இலக்கணம் ஆயிற்று. ராக்ஷசன் அரக்கன் ஆனான். எங்கும் க்க. அப்படியானால் மீனாக்ஷி மீனாக்கி ஆகியிருக்க வேண்டும். மீனாட்டி எங்கே என்று என்னைக் கேட்டீர்களே, உங்கள் மீனாக்கி எங்கே?

எழுத்தாணி:
இந்த இழையில் இதுவரை வந்த கேள்விகளில் விடை சொல்லத் தகுந்தது இது ஒன்றுதான், ஆகவே சொல்கிறேன். க்ஷ தமிழுக்கு இரண்டு வழிகளில் வந்தது. தக்கன், அரக்கன், இலக்கணம் ஆகியவை பழைய வரவுகள். பட்சி, அட்சரம், இரட்சகன், இலட்சுமி ஆகியவை பின்னால் வந்தவை. அவற்றில் க்ஷ ட்ச ஆகிறது. மீனாட்சி இரண்டாம் வகையைச் சேர்ந்தவள். பெயர் பின்னால் வந்தது, ஆகவே ஒலியும் பின்னாளைய ஒலி. ஏழாம் நூற்றாண்டில் திருஞானசம்பந்தர் மங்கையர்க்கரசியைப் போற்றிப் பாடிய திருவாலவாய்ப் பதிகத்தில் இந்த அம்மைக்கு என்ன பெயர்? அங்கயற்கண்ணி. அம், கயல், கண்ணி. பாண்டிமாதேவியைப் புகழும் பாட்டிலேயே, பாண்டியன் தலைநகரிலேயே, பாடியவர் கண்ணைத்தான் பாடினார், கொடியை அன்று. மீன்கொடியின் ஆட்சி என்று அவளைக் கூப்பிட இதைவிடப் பொருத்தமான இடம் அவருக்கு எங்கே வாய்த்திருக்கும்?

வைகைக்கரையான்:
பெயர் பின்னால் வந்தது என்று நீங்களே எழுதிவிட்டீர்கள். எல்லாரும் இதைக் குறித்துக்கொள்ளுங்கள். தமிழ்ப் பெயர் முன்னே இருந்தது, வடமொழிப் பெயர் பின்னே வந்தது. இதைத்தான் நானும் சொன்னேன்.

எழுத்தாணி:
நீங்கள் அதைச் சொல்லவில்லை. மீன் + ஆட்சி என்று சொன்னீர்கள். முன்னே இருந்த தமிழ்ப் பெயர் அங்கயற்கண்ணி; அதில் ஆட்சி இல்லை. நான் நிறுவிய கருத்தை உங்கள் பெயரில் எழுதிக்கொள்ளும் பழக்கத்தை நிறுத்துங்கள்.

நான்மாடத்தான்:
பெரியவர்கள் சொல்லும் அழகான விளக்கத்தை இருவருமே மறந்துவிட்டீர்கள். மீன் தன் முட்டைகளைக் கண்ணால் பார்த்தே பொரிக்கும். அதுபோல அன்னை தன் கடைக்கண் பார்வையால் உயிர்களைக் காக்கிறாள். மேலும் மீன் கண் இமைப்பதில்லை. அன்னையும் இமைக்காமல் காக்கிறாள். இதற்கு மேல் சொற்பிரிப்பு எதற்கு?

கயல்மகள்:
நான் மீன்வளம் படித்தவள். மீன்கள் பலவும் முட்டையிட்ட இடத்திலேயே அதை விட்டுவிட்டுப் போய்விடும். காவல் இருக்கும் மீன்களும் உண்டு, ஆனால் அவை துடுப்பால் நீரை அசைத்து முட்டைக்குக் காற்றோட்டம் தருகின்றன, பார்வையால் பொரிப்பதில்லை. இமைக்காது என்பது மட்டும் சரி. பெரும்பாலான மீன்களுக்கு இமையே கிடையாது. இமை இல்லாததால் இமைக்காமல் இருப்பதை விழிப்பு என்று என்னால் சொல்ல முடியவில்லை.

நான்மாடத்தான்:
பக்தியை ஆய்வுக்கூடத்தில் வைத்து அறுக்க வேண்டாம் அம்மா. இது நம்பிக்கை.

கயல்மகள்:
நம்பிக்கை என்று சொல்லியிருந்தால் நான் வாயைத் திறந்திருக்க மாட்டேன். "மீன் பார்த்தே பொரிக்கும்" என்று மீனைப் பற்றி எழுதினீர்கள். நான் மீனைப் பற்றித்தான் பதில் சொன்னேன்.

எழுத்தாணி:
இருவரும் வேறோர் இடத்தில் வழுக்குகிறீர்கள். மீனின் கண்ணைப் பற்றி அந்தப் பெயர் எதுவுமே சொல்லவில்லை. கயற்கண் என்பது கயலின் கண் அன்று, கயல் போன்ற கண், உவமைத்தொகை. இரு முனையும் குவிந்து நடு அகன்ற அதன் வடிவும், நீரில் அது சட்டென்று புரளும் புரட்சியும் கண்ணுக்கு உவமை. அந்தக் கண்ணை உடையவள் என்று பொருள் வெளியே போய் நிற்பதால் மீனாட்சி அன்மொழித்தொகை. கயல், கெண்டை, சேல் என்று கண்ணுக்கு உவமை சொல்லாத புலவரைத் தேடத்தான் வேண்டும். முட்டைக்கும் இமைக்கும் இங்கே வேலையே இல்லை. மீண்டும் கேட்கிறேன், மீனாட்டி எங்கே?

பழஞ்சுவடி:
இரண்டு நாளாக வாசித்துக்கொண்டிருந்தேன். இருவரும் பாதிப் பாதியைப் பிடித்துக்கொண்டு இழுக்கிறீர்கள் என்று தோன்றுகிறது. மறைக்காடு வேதாரண்யம் ஆயிற்று. முதுகுன்றம் விருத்தாசலம் ஆயிற்று. மறைக்காட்டு அம்மையின் பெயர் யாழைப் பழித்த மொழியாள். அதை வீணாவாதவிதூஷணி என்று சொல்லுக்குச் சொல் பெயர்த்தார்கள். அங்கயற்கண்ணி அதே முறையில் மீனாட்சி ஆகியிருக்கலாம் அல்லவா? வடிவம் வடமொழி, கருத்து தமிழ். இன்னும் ஒரு படி போனால், அந்த வடிவத்தின் முற்பகுதியும் முழுக்க வடமொழி அன்று. வேதம் மீனுக்கு மத்ஸ்ய என்கிறது; மீன என்ற சொல் வடமொழியில் பின்னாளில்தான் வருகிறது. பர்ரோவும் எமனோவும் தொகுத்து 1961ஆம் ஆண்டு வெளியிட்ட திராவிட வேர்ச்சொல் அகராதியில் மீன் இடம்பெற்றிருக்கிறது. வடமொழி அதைத் திராவிடத்திடமிருந்து பெற்றது என்பது அறிஞர் பலரின் கருத்து. ஆகவே மீனாட்சி என்ற பெயரில் மீன் நம்முடையது, அக்ஷி அவர்களுடையது.

வைகைக்கரையான்:
மீன் நம்முடையது என்பதற்கு நன்றி. ஆட்சியும் நம்முடையதுதான் என்பதை நீங்களும் ஒருநாள் சொல்வீர்கள்.

எழுத்தாணி:
பழஞ்சுவடி நடுவில் நிற்பதாக நினைத்துக்கொண்டு என் பக்கத்தில்தான் நிற்கிறார். அதை ஒப்புக்கொள்ள ஏன் தயங்குகிறார் என்பது தெரியவில்லை. மீனின் வேரைப் பற்றி எனக்கு வழக்கே இல்லை. முதல் வரியிலிருந்து நான் கேட்பது பிற்பகுதியைப் பற்றி மட்டுமே. ஆட்சி என்பது ஆள் என்பதிலிருந்து வந்ததா, அக்ஷி என்பதிலிருந்து வந்ததா? அக்ஷி என்று நீங்களே எழுதிவிட்டீர்கள்.

பழஞ்சுவடி:
உங்கள் பக்கத்தில் நிற்க நான் வரவில்லை. நான்கு பெயர்களை அடுக்கினீர்களே, அவற்றில் அங்கயற்கண்ணியும் கருந்தடங்கண்ணியும் வெறும் மொழிபெயர்ப்பு என்ற தொனியில் எழுதினீர்கள். எது மூலம், எது பெயர்ப்பு என்பதைத்தான் நான் கேட்டேன். அதற்கு நீங்கள் விடை சொல்லவில்லை.

எழுத்தாணி:
மொழிபெயர்ப்பு என்று நான் ஓரிடத்திலும் எழுதவில்லை. "நாகைத் தலத்தில் அவளுக்கு வழங்கும் தமிழ்ப்பெயர்" என்று எழுதினேன். என் வாக்கியத்தை வாசித்துவிட்டு எனக்குப் பதில் எழுதுங்கள்.

கயல்மகள்:
ஆச்சி கூப்பிட்ட மீனாச்சியைப் பற்றி இன்னும் யாரும் ஒரு வார்த்தை சொல்லவில்லை.

வைகைக்கரையான்:
சொல்ல மாட்டார், அம்மா. அவருக்கு வாய்மொழி சான்றாகாது. அவருடைய சான்றுகளின் தரம் என்ன என்பது சென்ற ஆண்டு கோதை இழையில் இருந்த எல்லாருக்கும் தெரியும். கோதை பெண்பாற் பெயர் மட்டுமே, ஆணுக்கு ஒருபோதும் வழங்கியதில்லை என்று பதினோரு பதிவுகள் எழுதினார். சேரமான் குட்டுவன் கோதை என்று புறநானூற்றில் ஓர் அரசன் இருப்பதையும், கோக்கோதை மார்பன் என்று இன்னொருவன் இருப்பதையும் நான் காட்டிய பிறகு அந்த இழைக்கே அவர் திரும்பி வரவில்லை. பெயரின் ஈற்றை வைத்துப் பாலை முடிவுசெய்யும் அதே வேலையைத்தான் இங்கே ஆட்டி என்று தொடங்கியிருக்கிறார்.

எழுத்தாணி:
கோதை என்றால் மாலை. அது சூடியவளுக்கும் பெயர், சூடிய அரசனுக்கும் பெயர். அதில் பால்காட்டும் ஈறு கிடையாது, ஆகவே இந்த வழக்குக்கு அது உவமையாகாது. ஆட்டி பால்காட்டும் ஈறு. பெருமானுக்குப் பெருமாட்டி, சீமானுக்குச் சீமாட்டி, மீனவனுக்கு யார்? பாண்டிய நாட்டில் ஒரு கல்லில், ஒரு செய்யுளில், ஒரு நிகண்டில் ஆட்சி என்று முடியும் ஓர் அரசியின் பெயரைக் காட்டுங்கள்; அதன் பிறகு நாம் மீனாட்சிக்கு வரலாம்.

வைகைக்கரையான்:
ஒரு கல்லில், ஒரு செய்யுளில் மீனாக்கியை நீங்கள் காட்டுங்கள். கோதை இழை இன்னும் பூட்டப்படவில்லை. அங்கேயும் உங்கள் பதிலுக்காக இடம் காலியாகவே இருக்கிறது.