47 ரோனின் பழைய படங்கள்: மனசை விட்டுப் போகாத ஒரு காட்சி

பதிவு 1
கோட்டைக்குள்ள கிராங்கிற அதிகாரியை வெட்டினதுக்காக அசானோ பிரபு தற்கொலை செய்துக்க வைக்கப்பட்டார்; அதுக்குப் பழிவாங்க கிரா மாளிகையைத் தாக்கின, எஜமானை இழந்த சாமுராய்கள்தான் 47 ரோனின். அந்தக் கதையை எடுத்த இயக்குநர் மிசோகுச்சியோட 'கென்ரோகு சூஷிங்குரா' (1941–42). எடோ கோட்டையின் பைன் ஓவியத் தாழ்வாரத்தை முழு அளவுல கட்டி, படத்தையே அங்கேதான் தொடங்குறார். அசானோ குறுவாளால கிராவை வெட்டுறார். பின்னாலேர்ந்து ஒருத்தர் கட்டிப் பிடிச்சுடறார். நான் பார்க்கிறது அந்த அரசவை உடையை. கால்சட்டை பாதத்தைத் தாண்டித் தரையில இழுபடுது. அதைப் போட்டுக்கிட்டு எட்டி ஒரு அடி வைக்கவே முடியாது. கிரா பிழைச்சதுல அந்தத் துணிக்கும் பங்கு உண்டு.

பதிவு 2
அதே படம்தான் என் ஆத்திரமும். கிட்டத்தட்ட நாலு மணி நேரம் ஓடுது, மாளிகைத் தாக்குதலைக் காட்டவே இல்லை! அசானோவின் விதவை முன்னால தாக்குதலைச் சொல்ற ஒரு கடிதம் படிக்கிறாங்க, அவ்வளவுதான். இயக்குநர் மகினோ ஷோசோ 1910கள்ல இதே கதையை ஊமைப் படமா எடுத்ததுல கேமரா அசையாது, பெண் வேடத்துலயும் ஆண்கள், ஆனா சண்டை இருக்கு. அசானோ, ரோனின் தலைவர் ஓயிஷி, கிரா வீட்டுக் காவல் வீரன் ஷிமிசு மூணு வேஷமுமே நடிகர் ஓனோயே மாட்சுனோசுகேதான்.

பதிவு 3
கடிதம்தான் சரி. எஜமான் செத்தது 1701 மார்ச், தாக்குதல் 1702 டிசம்பர், ஜப்பானியப் பழைய நாட்காட்டிப்படி. நடுவுல ஓயிஷி பொறுத்திருந்த காலம்தான் விசுவாசம். வாள் வீச்சு ஒரு ராத்திரி வேலை.

பதிவு 4
ரெண்டு பேரும் சண்டையை நிறுத்திட்டு, மகினோ படத்தை எந்த வேகத்துல பார்த்தீங்கன்னு முதல்ல சொல்லுங்க. கையால சுழற்றி எடுத்த படம், நொடிக்கு 16 ஃபிரேம், சில இடத்துல அதுக்கும் கீழே. 1000 அடிச் சுருள் 16ல 16 நிமிஷம் 40 நொடி ஓடணும்; பேசும் படத்தோட வேகமான 24ல 11 நிமிஷத்துல முடிஞ்சுடும். ஓயிஷி பொம்மை மாதிரி துள்ளுறது அதனாலதான்.

வேகத்தைக் கணிக்க வாள்சண்டையைப் பார்க்காதீங்க. உட்கார்ந்து வணங்கறதையும், கையை இறக்கும்போது அங்கியோட கைப்பகுதி விழறதையும் பாருங்க. 16ஐ 24 ஆக்கணும்னா ஒன்று விட்டு ஒரு ஃபிரேமை இரட்டிக்கணும்: ரெண்டு மூணாகும். 18ன்னா மூணு நாலாகும். பென்ஷி (ஊமைப் படத்துக்குக் கதை சொல்றவர்) குரல் ஏற்கெனவே சேர்ந்திருந்தா தொடாதீங்க, படத்துக்கும் பேச்சுக்கும் பொருந்தாம போயிடும். இன்னொண்ணு: ஒலித்தடம் சேர்த்து மறுபடி அச்சிட்ட பிரதிகள்ல சட்டகத்தோட இடது ஓரம் வெட்டுப்பட்டிருக்கலாம். அங்கே நிக்கிற ஆள் பாதி உடம்போட தெரிஞ்சா மகினோவைத் திட்டாதீங்க, வேற பிரதி தேடுங்க.