எம்எஸ்விசிபி140.டிஎல்எல் இல்லை என்கிறது. கோப்பை வைத்தால் 0எக்ஸ்சி000007பி

கீற்று
விண்டோஸ் 10, 64 பிட். வீடியோ எடிட்டிங் மென்பொருள் ஒன்றைத் திறந்தால் எம்எஸ்விசிபி140.டிஎல்எல் இல்லை என்று நின்றுவிடுகிறது. டிஎல்எல் கோப்புகளை (பல நிரல்கள் பகிர்ந்துகொள்ளும் துணை நிரல்கள்) தனித்தனியாகத் தரும் தளம் ஒன்றிலிருந்து அதை இறக்கி விண்டோஸின் சிஸ்டம்32 ஃபோல்டரில் வைத்ததும் அந்தச் செய்தி போய்விட்டது. இப்போது 0எக்ஸ்சி000007பி என்று வேறு பிழை. மென்பொருளை நீக்கி மறுபடி நிறுவியும் அதேதான். கோப்புதான் இருக்கிறதே, பிறகு ஏன் திறக்கவில்லை?

இருமம்
கோப்பு இருக்கிறது, ஆனால் அநேகமாக அது 32 பிட். 64 பிட் நிரல் 32 பிட் டிஎல்எல்லை ஏற்றப் பார்த்தால் இந்த எண்தான் வரும். ஒரே புராசஸுக்குள் (ஓடிக்கொண்டிருக்கும் ஒரு நிரலுக்குள்) இரண்டும் சேராது.

64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32-க்குள் இருக்க வேண்டியவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகளின் இடம் சிஸ்வாவ்64 ஃபோல்டர். பெயரில் உள்ள எண்ணை நம்பினால் தலைகீழாகத்தான் வைப்போம். 32 பிட் நிரல் சிஸ்டம்32-ஐக் கேட்டாலும் விண்டோஸ் அதை சிஸ்வாவ்64-க்குத் திருப்பிவிடும். உங்கள் மென்பொருள் 32 பிட்டாக இருந்திருந்தால் நீங்கள் வைத்த கோப்பு அதற்குத் தெரிந்தே இருக்காது. பழைய செய்தியேதான் வந்திருக்கும். பிழை மாறியதை வைத்தே அது 64 பிட் நிரல் என்று சொல்லிவிடலாம்.

முதலில் நீங்கள் வைத்த கோப்பை அங்கிருந்து அழியுங்கள். இதைத் தவிர்க்காதீர்கள்: அங்கே ஏற்கெனவே அதே பதிப்போ புதிய பதிப்போ இருந்தால் இன்ஸ்டாலர் தன் கோப்பை வைக்காமல் விட்டுவிடும். பிறகு மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து எம்எஸ்விசிபி140 அடங்கிய தொகுப்பான விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிளின் ஆகப் புதிய பதிப்பை இறக்கி, எக்ஸ்64 (64 பிட்), எக்ஸ்86 (32 பிட்) இரண்டையும் நிறுவுங்கள். ஏற்கெனவே நிறுவியிருந்தால் ரிப்பேர் பொத்தான் வரும், அதை அழுத்துங்கள். முடிந்ததும் ரீஸ்டார்ட்.

அந்த மாதிரி தளங்கள் பக்கமே போகாதீர்கள். டிஎல்எல் என்பது ஓடக்கூடிய நிரல். அதைத் திறக்கும் மென்பொருளுக்கு உள்ள அனுமதி முழுவதும் அதற்கும் கிடைக்கும். வைரஸ் ஸ்கேன் ஒன்றையும் ஓட்டிவிடுங்கள்.

நூலகன்
புதிய பதிப்பு என்று இருமம் சொன்னதற்குக் காரணம் உண்டு. நிரல் எழுத உதவும் மைக்ரோசாஃப்ட் மென்பொருளான விஷுவல் ஸ்டுடியோவின் 2015 முதல் 2022 வரையிலான பதிப்புகள் எல்லாம் 140 என்ற ஒரே எண்ணைத்தான் பயன்படுத்துகின்றன. ஆனால் அதே தொகுப்பின் இன்னொரு கோப்பான விசிரன்டைம்140_1.டிஎல்எல் 2019-ல்தான் சேர்ந்தது. 2015 தொகுப்பு மட்டும் உள்ள கணினியில் எம்எஸ்விசிபி140 கிடைக்கும், இது கிடைக்காது.

மற்ற எண்களுக்கு அந்தந்த ஆண்டுத் தொகுப்பே வேண்டும்: எம்எஸ்விசிஆர்100 என்றால் 2010, 110 என்றால் 2012, 120 என்றால் 2013. புதியது பழையதற்கு ஈடாகாது. அதனால் கண்ட்ரோல் பேனலில் வரிசையாக நிற்கும் பழைய தொகுப்புகளை இடம் மிச்சம் என்று நீக்கிவிடாதீர்கள்.

கோப்புப் பெயர் 140டி என்று முடிந்தால் கதையே வேறு. அது டீபக் பதிப்பு (எழுதுபவர் பிழை தேட வைத்துக்கொள்வது), மென்பொருளை எழுதியவர் தவறாக வெளியிட்டிருக்கிறார். அவரிடம் ரிலீஸ் பதிப்பைத்தான் கேட்க வேண்டும்.

கீற்று
அழித்துவிட்டு இரண்டையும் நிறுவினேன், மென்பொருள் திறக்கிறது. நன்றி! இன்னொரு சந்தேகம்: பழைய விளையாட்டு ஒன்று டி3டிஎக்ஸ்9_43.டிஎல்எல் கேட்கிறது. விளையாட்டுகளின் வரைகலைக்கான டைரக்ட்எக்ஸ் 12 இருக்கிறதே, போதாதா? விண்டோஸின் எஸ்எஃப்சி கட்டளையை ஓட்டினால் சரியாகுமா?

நூலகன்
போதாது. டி3டிஎக்ஸ்9 வரிசைக் கோப்புகள் விண்டோஸோடு வருவதில்லை. டைரக்ட்எக்ஸ் எண்ட் யூசர் ரன்டைம்ஸ், ஜூன் 2010 தொகுப்பை மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து இறக்குங்கள். அதை ஓட்டினால் நிறுவாது, எங்கே பிரித்து வைக்கட்டும் என்றுதான் கேட்கும். காலி ஃபோல்டர் ஒன்றைக் காட்டி, பிரித்தபின் உள்ளே இருக்கும் டிஎக்ஸ்செட்டப்பை ஓட்டுங்கள். பலர் பிரித்ததோடு நிறுத்திவிட்டு சரியாகவில்லை என்கிறார்கள். இதனால் டைரக்ட்எக்ஸ் 12-க்கு எந்தப் பாதிப்பும் இல்லை.

எஸ்எஃப்சி விண்டோஸின் சொந்தக் கோப்புகளை மட்டுமே சரிபார்க்கும். இந்த இரண்டு தொகுப்புகளும் அதன் கணக்கில் வராது. விண்டோஸ் கோப்பே கெட்டிருந்தால் அட்மின் கமாண்ட் பிராம்ப்டில் முதலில் டிஐஎஸ்எம் /ஆன்லைன் /கிளீனப்-இமேஜ் /ரிஸ்டோர்ஹெல்த், அது முடிந்தபின் எஸ்எஃப்சி /ஸ்கேன்நவ். எஸ்எஃப்சி நல்ல பிரதியை எடுக்கும் களஞ்சியத்தையே டிஐஎஸ்எம்தான் பழுதுபார்க்கிறது, அதனால்தான் இந்த வரிசை.

இருமம்
ஒன்று சேர்க்கிறேன். ரெக்எஸ்விஆர்32 ஓட்டிப் பாருங்கள் என்று யாராவது சொல்லலாம். அது காம் (விண்டோஸில் நிரல்கள் பிற நிரல்களின் பாகங்களைப் பயன்படுத்தும் முறை) வகை டிஎல்எல்களைப் பதிவு செய்ய மட்டுமே. இங்கே ஓட்டினால் பதிவுக்கான டிஎல்எல்ரெஜிஸ்டர்சர்வர் இல்லை என்று பிழைதான் வரும்.

சில நேரம் பெயர் சொன்ன டிஎல்எல் கண்ணெதிரே இருக்கும், ஆனாலும் இல்லை என்னும். அது நம்பியிருக்கும் வேறொரு டிஎல்எல் இல்லாமல் போயிருக்கும். நிரல்கள் எந்தக் கோப்புகளைத் தேடுகின்றன என்று காட்டும் மைக்ரோசாஃப்டின் புராசஸ் மானிட்டரைத் திறந்து, அந்த நிரலுக்கு மட்டும் ஃபில்டர் போட்டு, "நேம் நாட் ஃபவுண்ட்" வரிகளைப் பாருங்கள். ஒரு கோப்பு ஒரு ஃபோல்டரில் இல்லாமல் அடுத்ததில் கிடைத்திருந்தால் கவலையில்லை. எல்லா ஃபோல்டரிலும் தேடியும் கடைசிவரை கிடைக்காத பெயர் எதுவோ, அதற்கான தொகுப்பைத்தான் நிறுவ வேண்டும்.