பொருள்: இன்டர்டைட்டிலுக்கு என்ன சொல்வது? (வெள்ளிக்குள் வேண்டும்)

அனைவருக்கும் வணக்கம். சனிக்கிழமை திரையிடலுக்குத் துண்டறிக்கை எழுதுகிறேன். ஜப்பானிய இயக்குநர் தாய்சுகே இட்டோ 1929இல் எடுத்த மௌனப் படம் ‘சன்ஜின் சன்பாகென்’. அதிகாரிகளின் கொடுமையில் நசுங்கும் உழவர்கள். தந்தையைக் கொன்றவனைத் தேடி வந்து அவர்களோடு சேரும் ஒரு ரோனின், அதாவது தலைவன் இல்லாத சாமுராய். 9.5 மி.மீ. சுருளில் மிஞ்சியது ஏறக்குறைய 26 நிமிடம்தான். நடுநடுவே வரும் எழுத்துகளுக்கு ‘இடைத்தலைப்பு’ என்று போட்டிருக்கிறேன். மனம் ஒப்பவில்லை.
கு.

பாத்திரம் பேசும் வசனம் எப்படித் தலைப்பு ஆகும்? ‘இடையுரை’ போதும்.
மா.

இடையுரை என்றால் கூட்டத்தில் யாரோ குறுக்கே பேசுவதுபோல் இருக்கிறது. சிலம்பைப் புரட்டுங்கள். குன்றக்குரவை ‘உரைப்பாட்டு மடை’யோடுதான் தொடங்குகிறது. மடுத்தல் என்றால் நடுவே புகுத்துதல். ஆகவே ‘உரைமடை’. வயலுக்கு நீர் விடுவதும் மடை, தெய்வத்துக்குப் படைப்பதும் மடை, மடைப்பள்ளியும் அதிலிருந்துதான்...
ஞா.

ஐயா, மடைப்பள்ளிக்கே போய்விட்டீர்கள், பந்தி எப்போது? ‘டைட்டில் கார்டு’ என்று எழுதுங்கள். படம் எடுக்கிறவர்கள் எல்லாரும் அப்படித்தான் சொல்கிறோம்.
செ.

ஜப்பானியர் சொல்வது ‘ஜிமாகு’. ‘ஜி’ எழுத்து, ‘மாகு’ திரைச்சீலை. நாமும் ‘எழுத்துத்திரை’ என்றால் என்ன?
வே.

கணினித் திரை என்று நினைப்பார்கள். அதோடு ஜப்பானில் சப்டைட்டிலும் ஜிமாகுதான்; குழப்பத்தையும் சேர்த்து இறக்குமதி செய்ய வேண்டுமா? ‘வசன அட்டை’ என்று வைப்போம்.
மா.

எல்லாவற்றிலும் வசனமா இருக்கிறது? இடம், காலம் சொல்வதும் உண்டே. அப்புறம், இட்டோ படங்களில் எழுத்து சும்மா வந்து நிற்காது; சண்டையின் வேகத்துக்கு ஏற்ப வெட்டி வெட்டி வரும். அரங்கில் பென்ஷி, அதாவது மௌனப் படத்துக்குக் கதை சொல்பவர், அதை வாய்விட்டுச் சொல்லி ஏற்ற இறக்கம் கொடுப்பார். பென்ஷிக்கும் ஒரு சொல் வேண்டுமே!
வே.

பென்ஷி பென்ஷியாகவே இருக்கட்டும், கெஞ்சிக் கேட்கிறேன். ‘எழுத்தட்டை’ என்று போடுகிறேன். மா., செ. இருவருக்கும் சரியாம்.
கு.

எனக்குச் சரியில்லை. அட்டை இரத்தம் உறிஞ்சுவது.
ஞா.

குடியானவனை உறிஞ்சியவர்களைப் பற்றிய படம்தானே ஐயா. அச்சுக்கு அனுப்பிவிட்டேன்.
கு.

சரி. எனக்கு வரும் பிரதியில் ‘மடை’ என்று பேனாவால் திருத்திக்கொள்கிறேன்.
ஞா.