கேமரா இல்லாமல் மான் ரே பாணியில் படம்: எக்ஸ்ரே பிலிம் போதுமா?

தண்டையார்பேட்டை படிப்பகம்:
தோழர்களே, அமெரிக்கக் கலைஞர் மான் ரே 1923-இல் செய்த ‘ல ரெத்தூர் அ லா ரெஸோன்’ படத்தில் பிலிம் மேல் உப்பு, மிளகு, குண்டூசி தூவி வெளிச்சம் காட்டிய பகுதிகள் வரும். பத்துப் பிள்ளைகளோடு அதைச் செய்ய வேண்டும். 35 மி.மீ. பாசிட்டிவ் (புரொஜெக்டரில் ஓட்டும் பிலிம்) வாங்கக் காசில்லை. எக்ஸ்ரே பிலிம் தாங்குமா? பத்து விநாடி ஓடினால் போதும்.

வியாசர்பாடி இருட்டறை:
தாங்கும். ஆனால் ஸ்கேன் சென்டர்களில் புழங்கும் டிரை பிலிம் வேண்டாம், அது சூட்டில் படம் விழுவது, டெவலப்பரில் (படத்தை வெளிக்கொண்டுவரும் மருந்து) ஒன்றும் வராது. மருந்தில் கழுவுகிற பிலிம், கிரீன் சென்சிடிவ் (பச்சை வெளிச்சமும் பதியும் வகை) என்று கேட்டு வாங்குங்கள். சிவப்பு வெளிச்சம் அதைத் தொடாது. பல்பில் சிவப்புக் கண்ணாடித்தாள் சுற்றினால் வெள்ளை ஒழுகும், சிவப்பு எல்.இ.டி. போடுங்கள். ஒரு துண்டின் மேல் நாணயம் வைத்து 5 நிமிடம் அந்த வெளிச்சத்தில் விட்டுக் கழுவிப் பாருங்கள். வட்டம் தெரிந்தால் விளக்கு தூரம் போதவில்லை.

14×17 அங்குலத் தாள் ஒன்றே போதும். நீளவாக்கில் 35 மி.மீ. அகலத்தில் பத்துத் துண்டு, பிள்ளைக்கு ஒன்று. பிரேம் உயரம் 19 மி.மீ. என்றால் துண்டுக்கு 22 பிரேம், மொத்தம் 220. விநாடிக்கு 18 பிரேம் ஓட்டினால் 12 விநாடி.

செல்போன் டார்ச் இந்த பிலிமுக்கு அதிகம். ஜீரோ வாட் பல்பை ஒன்றரை மீட்டர் உயரத்தில் கட்டி, சோதனைத் துண்டை அட்டையால் மூடி நகர்த்தி 1, 2, 4, 8 விநாடி காட்டுங்கள். பின்னணி நல்ல கறுப்பாக வரும் மிகக் குறைந்த நேரம்தான் உங்கள் நேரம். பொருள் மறைத்த இடம் வெள்ளையாக நிற்கும்.

காசிமேடு ரீல்:
நம்ம பக்கத்துக் கடல் காற்றில் உப்பு கசியும். ஈர உப்பு பிலிமில் ஒட்டிக்கொண்டு, தட்டினாலும் போகாமல் புள்ளி விழும். வாணலியில் வறுத்து ஆறவைத்த கல்லுப்பைத் தூவுங்கள். வெளிச்சம் காட்டியதும் முழுதும் தட்டிவிட்டுத்தான் டெவலப்பர்.

இதைவிடப் பெரிய தொல்லை சூடு. மே மாதக் குழாய்த் தண்ணீர் 30 டிகிரிக்கு மேல், மருந்துக்கு வேண்டியது 20. அந்தச் சூட்டில் பிலிமின் ஜெலட்டின் பூச்சு ஊறி விளிம்பில் உரியும். துறைமுகத்து ஐஸ் பாளத்தை உடைத்துப் பெரிய தட்டில் போட்டு, அதற்குள் மருந்துத் தட்டை வையுங்கள். ஐஸை மருந்துக்குள் போட்டால் நீர்த்துவிடும். இந்த பிலிமுக்கு இரண்டு பக்கமும் எமல்ஷன் (படம் விழும் பூச்சு), ஈரத்தில் நகம் பட்டாலும் கீறும். தட்டின் அடியில் கண்ணாடி போடுங்கள். ஹைப்போவில் (படத்தை நிலைக்கவைக்கும் மருந்து) பால் நிறம் தெளிந்த நேரத்தைப் போல் இன்னொரு மடங்கு விட்டு எடுங்கள்.

பெரம்பூர் எடிட்டர்:
துண்டுகளை ஒட்ட வேண்டாம். மான் ரே பசை போட்டு ஒட்டியதுதான் பாரிஸில் முதல் காட்சியிலேயே அறுந்தது. துளையில்லாத பிலிம் புரொஜெக்டரிலும் ஓடாது. லைட் பேடில் (அடியிலிருந்து வெளிச்சம் வரும் பலகை) ஸ்கேலை ஒட்டிவைத்து, 19 மி.மீ.க்கு ஒரு முறை தள்ளித் தள்ளிப் படமெடுங்கள். எக்ஸ்ரே பிலிமின் நீலச் சாயலைக் கறுப்பு வெள்ளையாக மாற்றிவிடுங்கள்.

பிரேம் கோடு போட்டு அதற்குள் பொருளை அடுக்கச் சொல்லாதீர்கள். ஒரு குண்டூசி கோட்டைத் தாண்டி அடுத்த பிரேமில் பாதியாக நிற்பதால்தான் திரையில் அது துள்ளுகிறது.