ஒரே வேட்பாளர், ஆளுக்கொரு வாக்குறுதி – உங்கள் போனில் என்ன வந்தது?

தேர்தல் நெருங்கிய நேரத்தில் எனக்கும் அக்காவுக்கும் ஃபேஸ்புக்கில் ஒரே வேட்பாளரின் விளம்பரம் வந்தது. அக்கா போனில், புறவழிச் சாலையை உடனே கொண்டுவருவேன் என்கிறார். என் போனில், சாலைக்காக ஒரு அடி நிலத்தைக்கூட எடுக்க விடமாட்டேன் என்கிறார். அதே படம், அதே சிரிப்பு. அக்கா கார் விற்பனைப் பக்கங்களை விடாமல் பார்ப்பவள்; நான் விவசாயக் குழுக்களில் இருப்பவன். ‘இந்த விளம்பரம் எனக்கு ஏன் வருகிறது’ என்பதைத் தொட்டுப் பார்த்தோம். வயது, இருக்கும் இடம், ஆர்வம் என்று காட்டியது.

பொய்ச் செய்தியைவிட இதுதான் எனக்குப் பெரிய ஆபத்தாகத் தெரிகிறது. மேடையில் பேசினால் எல்லார் காதிலும் ஒரே பேச்சு விழும். மாற்றிப் பேசினால் யாராவது எழுந்து கேட்பார்கள். போனில் யாரிடம் என்ன சொன்னார் என்பது பக்கத்தில் இருப்பவருக்கே தெரியாது. ஜெயித்த பிறகு எந்த வாக்குறுதியைக் காட்டிக் கேட்பது?

2018-ல் வெடித்த கேம்பிரிட்ஜ் அனலிட்டிகா விவகாரம் நினைவிருக்கும்: ஃபேஸ்புக் பயனர்களின் விவரங்களை அவர்களுக்குத் தெரியாமல் பெற்ற அரசியல் ஆலோசனை நிறுவனம் அது. ஆளுமையைக் கணிக்கும் கேள்வி-பதில் செயலி ஒன்றைப் பயன்படுத்தியவர்கள் சுமார் 2.7 லட்சம் பேர்தான். அவர்களுடைய நண்பர்களையும் சேர்த்து 8.7 கோடி பேர் வரையிலானவர்களின் விவரங்கள் அந்த நிறுவனத்துக்குப் போயிருக்கலாம் என்று ஃபேஸ்புக்கே சொன்னது. அந்தக் காலகட்டத்தில் எழுந்த நெருக்கடியில்தான் அரசியல் விளம்பரங்களை யார் வேண்டுமானாலும் தேடிப் பார்க்கும் காப்பகம் ஃபேஸ்புக்கில் வந்தது. இப்போது அதை விளம்பர நூலகம் என்கிறார்கள். யார் பணம் கட்டினார்கள், ஏறத்தாழ எவ்வளவு செலவு, எந்த வயதினர் பார்த்தார்கள் என்பதெல்லாம் அதில் இருக்கும்.

அதில் அந்த வேட்பாளர் பெயரைப் போட்டேன். இரண்டு விளம்பரமும் அடுத்தடுத்து நின்றன. படமெடுத்து எங்கள் பகுதிக் குழுவில் போட்டு, எது உண்மை என்று கேட்டேன். பதில் வரவில்லை. ஆனால் சாலையைக் கொண்டுவருவேன் என்ற விளம்பரம் மறுநாளே நின்றுபோனது. ஓட்டுப் போடும் முன் எல்லாரும் ஒருமுறை தேடிப் பாருங்கள்.

பதில்:
விளம்பரத்தையாவது தேடிப் பிடிக்கலாம். எங்கள் குடும்பக் குழுவில் வந்தது ஒரு குரல் பதிவு: “வாக்குப்பதிவு தள்ளிப்போயிருக்கிறது, யாரும் அலைய வேண்டாம்.” பலமுறை பகிரப்பட்ட செய்தி என்றால் இரட்டை அம்புக்குறி வரும்; 2020 ஏப்ரலிலிருந்து வாட்ஸப்பில் அதை ஒரு நேரத்தில் ஒரு உரையாடலுக்குத்தான் அனுப்ப முடியும். இதில் அம்புக்குறியே இல்லை. கவனித்துக் கேட்டால் நடுவில் ‘டிங்’ என்று இன்னொரு போனின் ஒலி. ஒரு போனில் ஓடவிட்டு மற்றொன்றில் புதிதாகப் பதிவு செய்திருக்கிறார்கள், அதனால்தான் அம்புக்குறி இல்லை!

மாமா அதை நம்பிவிட்டார். தேர்தல் ஆணைய இணையதளத்தைத் திறந்து தேதியைக் காட்டிய பிறகுதான் கிளம்பினார். சரி, அவர் போட்டுவிட்டார். அவரோடு தினமும் நடக்கப் போகிறவர்களில் சிலர் கடைசிவரை ஓட்டுப் போட வரவே இல்லை. இப்படிப்பட்ட பதிவு வேறு எங்காவது வந்ததா? வந்திருந்தால் எழுதுங்கள், சேர்த்துப் புகார் கொடுக்கலாம்.