பதில்: மாயமல்ல, மருளுமல்ல – அந்தக் காட்டுக்கு ஒரு சொல்

நண்பர்களுக்கு வணக்கம்.

எல்லாருடைய மடல்களையும் படித்துவிட்டுத்தான் எழுதுகிறேன். சொல்லுக்குப் போகுமுன், எதற்குச் சொல் தேடுகிறோம் என்பதை ஒருமுறை பார்த்துக்கொள்வோம். இயற்கையின் விதிகள் கெட்டுப்போன ஒரு காட்டுக்கும் அங்கே நடப்பதற்கும் தமிழில் பெயர் கேட்ட நண்பர், தன் கற்பனை உலகத்தைப் பற்றி எழுதியது இது:

> காட்டுப் பாதை போகும்போது 300 அடி, திரும்பும்போது 700 அடி. கயிறு பிடித்து அளந்தாலும் அப்படித்தான். மணியோசை முதலில் கேட்கும், அடிப்பது பிறகுதான். கிணற்றில் வாளியை இறக்கினால் நீர் எழுந்து வந்து வாளியைத் தேடும். யாருக்கும் பித்துப் பிடிக்கவில்லை.

எனக்கு முக்கியமாகப் படுவது அந்தக் கயிறு. கண் ஏமாந்திருந்தால் கயிறு உண்மையைச் சொல்லியிருக்கும். இங்கே கயிறும் 700 என்கிறது. அதாவது, கெட்டது பார்வை அல்ல, இடம். இதுவரை வந்த பரிந்துரைகளில் பாதிக்கு மேல் கண்ணைக் குற்றம் சொல்பவை.

> மருள்நிலம் – எவ்வளவு அழகாக இருக்கிறது!

அழகுதான், மறுக்கவில்லை. ஆனால் "பொருளல்ல வற்றைப் பொருளென்று உணரும் மருள்" என்கிறார் வள்ளுவர். மருள் உணர்கிறவரிடம் இருப்பது, நிலத்தில் இருப்பதல்ல. பேய்த்தேருக்கும் இதே கதி. கானல்நீருக்கான இந்தப் பழைய பெயரில் பேயும் இருக்கிறது, பொய்த்தோற்றமும் இருக்கிறது, கற்பனைக் கதைக்கென்றே செய்துவைத்த மாதிரி. என்ன செய்ய? சூடான காற்றில் ஒளிதான் வளைகிறது, நிலம் அசைவதில்லை. கதையில் வேறு எங்காவது பயன்படுத்திக்கொள்ளுங்கள், வீணாக்க வேண்டாம்.

மாயை வேண்டவே வேண்டாம். சைவ சித்தாந்தத்தில் மாயை உள்பொருள், உலகத்துக்கே முதற்காரணம். அத்வைதத்தில் உள்ளது என்றும் இல்லாதது என்றும் சொல்ல முடியாதது. கதை படிக்க உட்கார்ந்தவரை இந்த வழக்குக்குள் இழுத்துவிடக் கூடாது.

நிலமயக்கம் என்று ஒருவர் எழுதியிருந்தார். அதை மட்டும் என்னால் எளிதில் தள்ள முடியவில்லை. திணைமயக்கத்தைப் பற்றி, அதாவது ஒரு நிலத்துக்குரிய ஒழுக்கம் இன்னொரு நிலத்தில் கலந்து வருவதைப் பற்றிப் பேசும் தொல்காப்பியம், "நிலன்ஒருங்கு மயங்குதல் இன்றென மொழிப" என்று ஒரு தடை போடுகிறது. ஒழுக்கங்கள் கலக்கலாம், இரண்டு நிலங்கள் ஓரிடத்தில் கலப்பதில்லை. நடக்கவே நடக்காது என்று இலக்கணம் சொன்னது நடந்துவிட்ட இடம்! இப்படிப் பார்த்தால் இதைவிட நல்ல சொல் கிடைக்காது. ஆனால் இந்த விளக்கத்தை ஒவ்வொரு வாசகரிடமும் போய்ச் சொல்ல முடியுமா? இன்றைக்கு மயக்கம் என்றால் தலைசுற்றல். "அவன் நிலமயக்கத்தில் விழுந்தான்" என்று எழுதினால் முகத்தில் தண்ணீர் தெளிக்கத்தான் ஆள் தேடுவார்கள்.

சரி, என் பரிந்துரை. சிலப்பதிகாரத்தில் காடுகாண் காதையில் கோடையின் கொடுமை வருகிறது:

"முல்லையும் குறிஞ்சியும் முறைமையின் திரிந்து
நல்லியல்பு இழந்து நடுங்குதுயர் உறுத்துப்
பாலை என்பதோர் படிவம் கொள்ளும்"

யாரோ முல்லையைப் பாலை என்று தவறாகப் பார்க்கவில்லை. நிலமே திரிந்தது, தன் இயல்பை இழந்தது, இன்னொரு வடிவம் எடுத்தது. நமக்கு வேண்டிய வினை இதுதான்: திரி. பால் திரிந்தது என்கிறோமே, அதே வினை. பாலைப் பார்த்தவர் மேல் யாரும் பழி போடுவதில்லை.

பெயராக்கும்போது திரிபு என்று வைக்காமல் திரிவு என்று வைக்கலாம் என்பது என் எண்ணம். திரிபு ஏற்கெனவே ஏகப்பட்ட இடத்தில் வேலை பார்க்கிறது. இயற்பியல் பாடநூலில் தகைவு, திரிபு (stress, strain) என்று ஜோடியாக வரும். வரலாற்றுத் திரிபு என்றால் யாரோ வேண்டுமென்றே புரட்டியது. திரிவு அவ்வளவாகப் புழங்காத வடிவம், தானாக நேர்ந்தது என்ற தொனியும் அதில் இருக்கிறது. எனவே நிகழ்வுக்கு இயல்திரிவு. புணர்ச்சி விதிப்படி இயற்றிரிவு என்றுதான் வரவேண்டும், எனக்கும் தெரியும். லகரமும் தகரமும் இரண்டும் திரிந்து, சொல்லே தன் பொருளை நடித்துக் காட்டும். வேடிக்கையாகத்தான் இருக்கிறது, ஆனால் படிக்க வராது. புணர்க்காமல் இயல்திரிவு என்றே எழுதுவோம்.

இடத்துக்குத் திரிநிலம். இதில் எனக்குக் கொஞ்சம் கூடுதல் ஆசை. இது வினைத்தொகை, நன்னூல் சொல்லும் "காலம் கரந்த பெயரெச்சம்". திரிந்த நிலம், திரிகின்ற நிலம், திரியும் நிலம் மூன்றும் ஒன்றில் அடக்கம். அடிக்குமுன் மணி கேட்கிற ஊருக்குக் காலம் காட்டாத பெயரைவிட வேறென்ன பொருந்தும்? திரிதலுக்கு அலைதல் என்ற பொருளும் உண்டு. அந்தக் காடு இடம் மாறிக்கொண்டே இருப்பதாக நண்பர் எழுதியிருந்தார், அதற்கும் சேர்த்து ஆயிற்று.

எதிர்ப்பு வரும் என்பதும் தெரியும். திரிசூலம், திரிகாலம் என்று வடமொழித் திரி பழகியவர்கள் இதை மூன்று நிலம் என்று படிக்கலாம். உண்மையான குறைதான், முதல் முறை வரும் இடத்தில் "நிலம் திரிந்தது" என்று வினையாக ஒரு வரி எழுதிவிட்டால் சமாளிக்கலாம். விளக்குத்திரி நினைவுக்கு வருமே என்று கேட்பவர்களுக்கு என்னிடம் பதில் இல்லை.

உள்ளே போய் மாறிப்போன மனிதரை என்ன சொல்வது என்று இன்னும் பிடிபடவில்லை. திரிந்தவர் என்றால் ஊர்சுற்றி மாதிரி இருக்கிறது. திரிவுற்றவர்? யாராவது இதைவிட நல்லதாகச் சொல்லுங்கள்.

அப்புறம், கேட்ட நண்பரிடம் ஒரு கேள்வி. திரிந்த பால் திரும்பப் பாலாகாது. வேனில் நீங்கினால் பாலை மறுபடி முல்லையாகலாம். உங்கள் காடு இதில் எந்த வகை? மீளும் என்றால் அதற்கும் ஒரு சொல் வேண்டியிருக்கும்.