தோஷிகோ அகியோஷியைக் கேட்டவர்கள் உங்கள் அனுபவத்தைச் சொல்லுங்கள்

திங்கட்கிழமை ரசிகன்:

நானே தொடங்குகிறேன். 2000-களின் தொடக்கத்தில் நியூ ஜெர்சியில் வேலை. நியூயார்க் 44-ஆவது தெருவில் பேர்ட்லேண்ட் என்று ஒரு ஜாஸ் கிளப். திங்கள் இரவு என்றால் அங்கே ஜப்பானிய ஜாஸ் பியானோ கலைஞரும் இசையமைப்பாளருமான அகியோஷி அம்மாவின் பிக் பேண்ட், அதாவது பெரிய ஜாஸ் வாத்தியக் குழுதான். ஆபீஸ் நண்பர் ஒருவர் வலுக்கட்டாயமாக இழுத்துப் போனார். ஜாஸ் பற்றி எனக்கு அப்போது பெரிய அபிப்பிராயம் கிடையாது. ஒருவர் சாக்ஸபோனை எடுத்தால் லேசில் கீழே வைக்க மாட்டார் என்பது மட்டும் தெரியும்.

மேடை கொள்ளாமல் டிரம்பெட், டிராம்போன், சாக்ஸபோன் ஆட்கள். அவர்களுக்கு முன்னால் எழுபது வயதை ஒட்டிய, சின்ன உருவமாக ஒரு பெண்மணி. கொஞ்ச நேரம் பியானோவில் இருப்பார், அப்புறம் எழுந்து வந்து நமக்கு முதுகைக் காட்டி நின்று கையை லேசாக அசைப்பார். அந்த அசைவுக்கு ஒட்டுமொத்த பித்தளையும் எகிறும். ஒரு பாட்டில் சாக்ஸபோன் வரிசையே வாத்தியத்தைக் கீழே வைத்துவிட்டு புல்லாங்குழலும் கிளாரினெட்டும் எடுத்தது. அதற்கு மேல் அவருடைய கணவர் லூ டபாக்கின் தனியாகப் புல்லாங்குழல் வாசித்தார். வெள்ளிக் குழல்தான், ஆனால் ஊதும் மூச்சுச் சத்தம் அப்படியே கேட்கிறது, ஸ்வரம் நேராக நிற்காமல் மெல்லச் சரிகிறது. ஜப்பானிய மூங்கில் குழலான ஷாகுஹாச்சியைக் கேட்டிருப்பவர்களுக்கு இது உடனே பிடிபடும். எனக்கு அன்று பிடிபடவில்லை. சோற்றில் கை வைக்காமல் பார்த்துக்கொண்டிருக்கும் பிள்ளையைப் போல் உட்கார்ந்திருந்தேன்.

அவர் கதையை அப்புறம்தான் படித்தேன். 1929-ல் மஞ்சூரியாவில் பிறந்தவர். போர் முடிந்து எல்லாவற்றையும் இழந்து குடும்பம் ஜப்பானுக்கு, பெப்பு ஊருக்குத் திரும்பியது. பதினாறு பதினேழு வயதில் அங்கே நடன அரங்கு ஒன்றில் பியானோ வேலை. 1950-களின் தொடக்கத்தில் ஜப்பானுக்கு வந்திருந்த பிரபல ஜாஸ் பியானோ கலைஞர் ஆஸ்கார் பீட்டர்சன் அவர் வாசிப்பைக் கேட்டு அசந்துபோனார். 1956-ல் அமெரிக்காவில் பாஸ்டனின் பெர்க்லி இசைப் பள்ளியில் படிக்கப் போனார். அங்கே படித்த முதல் ஜப்பானியர் அவர்தான். கிமோனோ உடுத்தி, ஜாஸ் பியானோ மேதை பட் பாவெல் பாணியில் வாசிக்கும் பெண் என்று அன்றைய அமெரிக்கா வேடிக்கை பார்த்தது. வேடிக்கை பார்த்தவர்கள் 1973-ல் லாஸ் ஏஞ்சலீஸில் அவர் தொடங்கிய பேண்டை எதிர்பார்த்திருக்க மாட்டார்கள்.

உடுக்கை:

எங்கள் வீட்டில் மாரியம்மன் கொடைக்கு உடுக்கை அடிக்கும் வழக்கம் உண்டு, நானும் அடிப்பேன். அதனால் இந்த இழையில் எனக்கு ஒரு பங்கு இருக்கிறது.

1974-ல் வந்த அகியோஷியின் ‘கோகுன்’ இசைத்தட்டின் தலைப்புப் பாட்டைக் கேளுங்கள். போர் முடிந்தது தெரியாமல், சொன்னாலும் நம்பாமல், பிலிப்பைன்ஸ் லுபாங் தீவுக் காட்டில் கிட்டத்தட்ட முப்பது வருடம் ஒளிந்திருந்த ஜப்பானிய வீரர் ஹிரூ ஒனோடா அந்த வருடம் மார்ச்சில்தான் சரணடைந்தார். அவரை நினைத்து எழுதிய பாட்டு. எடுத்த எடுப்பில் ஜப்பானின் பழமையான நோ நாடகத்தின் சுசுமி முழவும், அதை அடிப்பவர்கள் ‘யோ... ஹோ’ என்று நீட்டி இடும் குரலும் வருகின்றன. சுசுமி நம் உடுக்கையின் உறவுதான். நடு இடுப்பு ஒடுங்கியது, கயிறால் இழுத்துக் கட்டியது. தோளில் வைத்து ஒரு கையால் கயிற்றைப் பிடித்து இறுக்கியும் தளர்த்தியும் மறு கை விரலால் தட்டுவார்கள். ‘பொம்ம்’ என்று மேலே வளையும் நாதம் இடுப்புக் கயிற்றை அழுத்தும்போது வருவது. விரல் வலி எனக்குத் தெரியும் என்பதால் சொல்கிறேன்.

எனக்குப் பிடித்தது இதுதான்: அந்த முழவை யாரும் டிரம்ஸ் தாளத்துக்குள் பிடித்துத் திணிக்கவில்லை. அது தன் கணக்கில் வருகிறது, போகிறது. பேண்ட் தன் கணக்கில் ஸ்விங் ஆகிறது, அதாவது ஜாஸின் துள்ளல் நடையில் போகிறது. நம் ஊர் ஃபியூஷன் கச்சேரிகளில் மிருதங்கமும் டிரம்ஸும் ஆளுக்கொரு தனி ஆவர்த்தனம் போட்டுக் கடைசியில் ஒரு கோர்வையில் கைகுலுக்குவார்கள், கைதட்டல் விழும். இங்கே கைகுலுக்கலே இல்லை. காட்டில் அந்த ஆள் ஒரு காலத்தில் இருக்கிறார், உலகம் வேறொரு காலத்தில் இருக்கிறது. வேறு எப்படி எழுத முடியும்?

கோடை மலை:

நான் கொடைக்கானல்காரி. எங்கள் ஊரில் பாதரசத் தெர்மாமீட்டர் செய்த தொழிற்சாலை 2001-ல் மூடப்பட்டது. அதைப் பற்றிப் பேச்சு வரும் இடமெல்லாம் மினமாட்டா என்ற பெயரும் வரும். ஆலைக் கழிவில் வந்த பாதரசம் கடல் மீனில் ஏறி, மீன் தின்ற மக்களின் நரம்பைத் தின்ற ஜப்பானிய ஊர். 1956-ல்தான் அந்த நோய் அதிகாரபூர்வமாகப் பதிவானது. அந்தப் பெயரைத் தேடப் போய்த்தான் ‘இன்சைட்ஸ்’ என்ற 1976 தொகுப்பில் இருக்கும் ‘மினமாட்டா’ கிடைத்தது. இருபது நிமிடத்துக்கு மேல் நீளம்.

ஒரு சிறுமியின் குரலில் தொடங்குகிறது. பாடுவது அகியோஷியின் மகள். ஒரு கிராமம் இருக்கிறது, அதன் பெயர் மினமாட்டா, அவ்வளவுதான் சொல்கிறது. அப்புறம் ஆலை வருகிறது, செழிப்பு வருகிறது. நான் இங்கே அழுகை இசை எதிர்பார்த்தேன். வந்தது காலைத் தட்ட வைக்கும் அசல் ஸ்விங்! ஊரில் கையில் காசு புரண்ட நாட்களின் சந்தோஷம். அது எங்கே கெட ஆரம்பிக்கிறது என்று விரல் வைத்துச் சொல்ல முடியவில்லை, திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்தேன். ஆலை வந்தபோது எங்கள் ஊரிலும் எல்லோரும் வேலை கிடைத்ததென்று மகிழ்ந்தவர்கள்தானே. கடைசியில் நோ நாடகப் பாட்டுக் குரல் பித்தளை வாத்தியங்களோடு சேர்ந்து வருகிறது. அதை அம்மாவுக்குப் போட்டுக் காட்டினேன். ‘யாரோ ஒப்பாரி வைக்கிறாங்களா’ என்று கேட்டார்.

கணக்குப் பிள்ளை:

ஒரு சின்னத் திருத்தம், சண்டைக்கு இல்லை. அமெரிக்க ஜாஸ் மேதை ட்யூக் எலிங்டன் இறந்தபோது, அவர் தன் கறுப்பின வேரை எப்படி இசையாக்கினார் என்று ஜாஸ் விமர்சகர் நாட் ஹென்டாஃப் எழுதியதைப் படித்துத்தான் அகியோஷி ஜப்பானிய இசைக்குத் திரும்பினார் என்று எல்லா இடத்திலும் எழுதியிருக்கும். எலிங்டன் இறந்தது 1974 மே. ‘கோகுன்’ பதிவானது அதற்கு முந்தைய ஏப்ரல். ஆக, எண்ணம் ஏற்கெனவே இருந்திருக்கிறது. எலிங்டன் விஷயம் அதை உறுதிப்படுத்தியிருக்கலாம் என்பது என் கட்சி.

இன்னொன்று. அகியோஷிக்கு 14 முறை கிராமி பரிந்துரை, ஒரு முறைகூடப் பரிசு இல்லை. இதைக் கேட்டால் எரிச்சலாக வருகிறது.

கிள்ளான் பள்ளத்தாக்கு:

மலேசியாவிலிருந்து. நம் ஆட்களுக்கு ஒரு கொசுறு: அகியோஷியின் முதல் கணவர் சாக்ஸபோன் கலைஞர் சார்லி மரியானோ. பிற்பாடு நாகஸ்வரம் கற்று இசைத்தட்டுகளில் வாசித்தவர், கர்நாடகா காலேஜ் ஆஃப் பெர்கஷன் குழுவோடு 1983-ல் ‘ஜ்யோதி’ என்ற தொகுப்பும் செய்தார். கணவர் தெற்கே வந்தார், மனைவி சொந்த வீட்டுக்குத் திரும்பினார். மரியானோவின் நாகஸ்வரம் நம் காதுக்கு அவ்வளவு சுகமாக இருக்காது, முன்னாலேயே சொல்லிவிடுகிறேன். அகியோஷியும் எனக்கு முழுதாகப் பிடிபட்டதில்லை, பித்தளைச் சத்தம் அதிகம். ஹிரோஷிமா தொகுப்பு மட்டும் விதிவிலக்கு.

திங்கட்கிழமை ரசிகன்:

ஹிரோஷிமா தொகுப்பைப் பற்றி எழுத மறந்துவிட்டேன். அந்த ஊர் பௌத்த குரு ஒருவர் அணுகுண்டு விழுந்த பிறகு எடுத்த படங்களை அனுப்பி இசை எழுதச் சொன்னார். பார்த்துவிட்டு முடியாது என்று நினைத்த அகியோஷி, பதுங்கு குழியிலிருந்து லேசான சிரிப்போடு வெளியே வரும் ஓர் இளம்பெண்ணின் படத்தைக் கண்டபின் எழுதினார். 2001 ஆகஸ்ட் 6 அன்று ஹிரோஷிமாவிலேயே அரங்கேற்றம். கொரியக் குழல் கலைஞர் வோன் ஜாங் ஹ்யூன், டேகும் என்ற கொரிய மூங்கில் குழலை வாசித்தார். ஹிரோஷிமாவில் இறந்தவர்களில் கொரியர்களும் ஆயிரக்கணக்கில் உண்டு என்பதை நினைத்தால் அந்தக் குழல் அங்கே சும்மா வரவில்லை.

2003-ல் பேண்டைக் கலைத்துவிட்டார். அமெரிக்காவில் எந்தக் கம்பெனியும் பதிவு செய்ய முன்வரவில்லை என்பது ஒரு காரணம், பியானோவுக்குத் திரும்பும் ஆசை இன்னொன்று. புதிதாகக் கேட்பவர்கள் ‘கோகுன்’ முதலில், ‘மினமாட்டா’ அடுத்து, ஹிரோஷிமா கடைசியில் கேளுங்கள். மொபைல் ஸ்பீக்கரில் வேண்டாம், சுசுமி காணாமல் போய்விடும். உடுக்கை அண்ணன், நீங்கள் அந்த அடியைச் செய்து பார்த்துப் பதிவு போட்டால் நன்றாக இருக்கும்.